குப்பைச் சாறு: மலையில் கொட்டுவது எங்கே போய்ச் சேர்கிறது?

போன ஐப்பசியில் எங்கள் வீட்டு அடுப்படி ஜன்னலில் ஒரு காலி ஊறுகாய் பாட்டிலை வைத்தேன். பக்கத்து வீட்டுப் பெண் ஆறாம் வகுப்பு படிக்கிறாள். அவள் கேட்ட கேள்விதான் காரணம்: "மாமா, குப்பை மக்கிப் போயிடும்னு சொல்றாங்களே, எங்கே போகும்?"

சட்டென்று பதில் சொல்ல வரவில்லை. சரி, பார்த்தே தெரிந்துகொள்வோம் என்று இருவரும் உட்கார்ந்தோம். கேரட் தோல், முட்டைக்கோஸ் இலை, மீந்த சோறு, வடிகட்டிய டீத்தூள், ஒரு பிஸ்கட் கவர், தீர்ந்துபோன ரிமோட் பேட்டரி, எல்லாவற்றையும் பாட்டிலில் போட்டு அமுக்கினோம். மழைக்குப் பதிலாக நாளுக்கு ஒரு ஸ்பூன் தண்ணீர் ஊற்றினோம். உள்ளே காற்று உருவாகும் என்பதால் மூடியை இறுக்கவில்லை.

நாங்கள் இருப்பது பழனி மலையில், கொடைக்கானல் சாலையில் ஒரு சின்ன ஊர். குளிரில் எல்லாம் மெதுவாகத்தான் நடக்கும். முதல் வாரம் ஒன்றும் தெரியவில்லை. பத்தாம் நாள் அடியில் ஒரு விரற்கடைக்குத் தண்ணீர் தேங்கியது, வெளிர் மஞ்சளாக. மூன்றாம் வாரம் அது டிகாக்‌ஷன் நிறத்துக்கு வந்துவிட்டது. மேலே எண்ணெய் மிதப்பதுபோல ஒரு மினுமினுப்பு. சோறும் கோஸும் அடையாளம் தெரியாமல் குழைந்து போயிருந்தன. பேட்டரியின் தகடு பொரிந்து துருவேறியிருந்தது. பிஸ்கட் கவர் மட்டும் போட்ட அன்று இருந்த மாதிரியே, எழுத்துகூட அழியாமல். மூடியைத் திறந்து பார்த்த கையை இரண்டு தடவை சோப்புப் போட்டுக் கழுவியும் நாற்றம் ராத்திரி வரை போகவில்லை. (நீங்கள் செய்து பார்த்தால் பேட்டரி போடாமல் செய்யுங்கள். நான் போட்டிருக்கக் கூடாது.)

அவள் கேள்விக்கான பதில் அந்தப் பழுப்புத் தண்ணீரில்தான் இருந்தது. குப்பை மக்கும்போது ஒரு பகுதி காற்றாகப் போகிறது, ஒரு பகுதி மண்ணாகிறது, இன்னொரு பகுதி தண்ணீரோடு கரைந்து கீழே இறங்குகிறது. இப்படி இறங்குவதை அரசாங்கக் காகிதங்களில் கசிவுநீர் என்று எழுதுவார்கள். நான் குப்பைச் சாறு என்று சொல்கிறேன், பார்த்த கண்ணுக்கு அது சாறுதான். மலையில் இருப்பவர்கள் குப்பையைப் பற்றி ஒரே ஒரு விஷயம் தெரிந்துகொள்ள வேண்டுமென்றால், இந்தச் சாறு எப்படி உண்டாகிறது, எங்கே போகிறது என்பதைத் தெரிந்துகொண்டால் போதும். மற்றதெல்லாம் இதிலிருந்து தானாகப் புரியும்.

சாறு எப்படி உண்டாகிறது?

காய்கறித் தோலில் பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர்தான். குவித்து அமுக்கினால் அந்தத் தண்ணீர் பிழிந்து வெளியே வரும். மழை பெய்தால் அதுவும் மேலிருந்து இறங்கிச் சேரும். இந்த ஈரத்தில் கோடிக்கணக்கான நுண்ணுயிர்கள் வேலையைத் தொடங்குகின்றன.

காற்று இருக்கிற இடத்தில் வேலை செய்யும் நுண்ணுயிர்கள் நல்ல பிள்ளைகள். எருக்குழியில் மண்வாசம் வருவது அவற்றால்தான். ஆனால் பிளாஸ்டிக் கவருக்குள் கட்டி, ஒன்றன்மேல் ஒன்றாகக் கொட்டினால் உள்ளே காற்று போகாது. அப்போது காற்றில்லாமல் வாழும் வேறு வகை நுண்ணுயிர்கள் தலையெடுக்கும். அவை உணவை உடைக்கும்போது முதலில் புளிப்பான அமிலங்களை உண்டாக்குகின்றன. இட்லி மாவு புளிப்பதும் ஏறக்குறைய இதே கதைதான். புளி போட்டுத் தேய்த்தால் பித்தளைப் பாத்திரத்தின் களிம்பு கரைந்து வருகிறதல்லவா? அதேபோல இந்த அமிலத் தண்ணீர் தன் வழியில் படும் உலோகத்தையெல்லாம் கொஞ்சம் கொஞ்சமாகக் கரைத்துக்கொள்கிறது. பேட்டரி, பெயின்ட் டப்பா, உடைந்த செல்போன், எதுவானாலும் சரி.

இங்கேதான் விஷயமே இருக்கிறது. சோறு மட்டும் தனியாக மக்கினால் அதன் சாறு நாறும், அவ்வளவு பெரிய விஷமில்லை. பேட்டரி மட்டும் தனியாக ஒரு டப்பாவில் கிடந்தால் வருஷக்கணக்கில் சும்மா கிடக்கும். இரண்டையும் ஒன்றாகப் போட்டால் சோறு அமிலமாகி பேட்டரியைத் திறந்துவிடுகிறது. கலப்பதுதான் கேடு. தரம் பிரியுங்கள், தரம் பிரியுங்கள் என்று வண்டியில் பாட்டுப் போட்டுச் சொல்வதற்குப் பின்னால் இருக்கும் வேதியியல் இவ்வளவுதான்.

சில மாதங்கள் கழித்து அமில ஆட்டம் அடங்கி, குவியலுக்குள் மீத்தேன் உண்டாகத் தொடங்கும். சாண எரிவாயு அடுப்பில் எரியும் அதே வாயு. குப்பைமேடுகள் அடிக்கடி தீப்பிடித்து நாள்கணக்கில் புகைவதற்கு இது ஒரு காரணம். பூமியைச் சூடாக்குவதில் மீத்தேன், நூறு ஆண்டுக் கணக்கில் பார்த்தால், கரியமில வாயுவைவிட சுமார் 28 மடங்கு வலுவானது. அம்மோனியாவும் சாற்றில் நிறையச் சேரும். புதிதாகக் கொட்டிய குப்பையிலிருந்து வரும் சாறு, வீட்டுச் சாக்கடைத் தண்ணீரைவிடப் பல மடங்கு கெட்டியான அசுத்தம்.

மலையில் ஏன் இது இரட்டிப்புச் சிக்கல்?

ஒரு கணக்குப் போட்டுப் பார்க்கலாம். கொடைக்கானலில் ஆண்டுக்குச் சுமார் 1,600 மில்லிமீட்டர் மழை. ஒரு மில்லிமீட்டர் மழை என்றால் ஒரு சதுர மீட்டர் இடத்தில் ஒரு லிட்டர் தண்ணீர். ஒரு ஏக்கர் என்பது 4,000 சதுர மீட்டருக்குக் கொஞ்சம் மேல். ஆக, ஒரே ஒரு ஏக்கர் குப்பைமேட்டின் மேல் வருஷத்துக்கு விழும் மழை 64 லட்சம் லிட்டர். பத்தாயிரம் லிட்டர் பிடிக்கும் தண்ணீர் லாரியில் அளந்தால் 640 லாரி. அத்தனையும் உள்ளே இறங்காதுதான். கொஞ்சம் ஆவியாகும், கொஞ்சம் மேலோடு வழிந்து ஓடும். பாதிக்குப் பாதி இறங்கினாலும் முந்நூறு லாரிக்கு மேல் சாறு. எங்கள் ஊறுகாய் பாட்டிலில் நாளுக்கு ஒரு ஸ்பூன்தான் ஊற்றினோம்.

சமவெளியில் முறையாகக் கட்டிய குப்பை நிரப்புதளம் என்றால் அடியில் களிமண் அடுக்கு, அதன்மேல் தடித்த பிளாஸ்டிக் விரிப்பு, அதன்மேல் சாறு பிடிக்கும் குழாய்கள், சாற்றைச் சுத்திகரிக்க ஒரு தொட்டி, கொட்டியதை அன்றன்றைக்கு மூட மண், இத்தனையும் வேண்டும். செங்குத்தான சரிவில் இதைக் கட்டுவது லேசுப்பட்ட காரியமில்லை. இடமும் கிடையாது. மலை ஊர்களில் குப்பை கொட்ட ஒதுக்கிய இடம் பெரும்பாலும் ஒரு சரிவின் விளிம்புதான். விளிம்புக்குக் கீழே சோலை இருக்கும், சோலைக்குள் ஓடை இருக்கும். இதனால்தான் 2016-ல் வந்த திடக்கழிவு மேலாண்மை விதிகள் மலைப்பகுதிக்கென்று தனியாகச் சொல்லியிருந்தன: மலைமேல் நிரப்புதளம் கட்டுவதைத் தவிர்க்க வேண்டும், மலையில் மூடிய இடமொன்றில் சேகரித்து, 25 கிலோமீட்டருக்குள் சமவெளியில் இடம் பார்த்து, மிச்சத்தை அங்கே கொண்டுபோக வேண்டும். இந்த விதியைப் பற்றி மலையில் இருப்பவர்களிடையே இன்னும் அதிகமாகப் பேச்சு வர வேண்டும் என்று எனக்குத் தோன்றுகிறது. கிராம சபையில் கேட்க வேண்டிய கேள்வி இது.

அடுத்தது பாறை. பழனி மலையும் நீலகிரியும் பெரும்பாலும் சார்னோகைட் என்ற கெட்டிப் பாறை. கெட்டிப் பாறை என்றால் தண்ணீர் இறங்காது என்று நினைப்போம். இறங்கும், வெடிப்புகள் வழியாக. மணல் வழியாக மெதுவாக இறங்கும் தண்ணீர் வடிகட்டப்பட்டு வரும். வெடிப்பு வழியாக ஓடும் தண்ணீருக்கு அந்த வடிகட்டல் அவ்வளவாகக் கிடையாது. மேலே ஒரு இடத்தில் இறங்கியது, கீழே இன்னொரு இடத்தில் சுனையாக, ஊற்றாக வெளியே வரும். கண்ணாடி மாதிரித் தெளிந்து வரும், கையில் அள்ளிக் குடிக்கத் தோன்றும். மலைக்கிராமங்களில் குழாய்த் தண்ணீர் என்பதே பல இடங்களில் இப்படிப்பட்ட ஒரு ஊற்றில் குழாய் மாட்டி எடுப்பதுதான்.

அங்கிருந்து இன்னும் கீழே? கொடைக்கானலின் தெற்குச் சரிவில் பிறக்கும் பாம்பாறு, கும்பக்கரை அருவியாக விழுந்து பெரியகுளம் பக்கம் போகிறது. அந்தப் பக்கத்து ஆறுகள் வைகையோடு சேர்கின்றன. வடக்குச் சரிவின் பாலாறும் பொருந்தலாறும் குதிரையாறும் பழனிப் பக்கத்து அணைகளை நிரப்புகின்றன. நீலகிரியில் குன்னூர் ஆறு பவானியில் கலக்கிறது. நாம் தூக்கி எறியும்போது "வெளியே போட்டுட்டு வா" என்கிறோம். அந்த வெளி, கும்பக்கரையில் குளிக்கும் பிள்ளைகளுக்கும் பழனியில் குடம் பிடிக்கும் அம்மாக்களுக்கும் உள்ளேதான் இருக்கிறது.

இந்தத் தண்ணீரால் என்ன வரும்? கிருமி கலந்தால் வயிற்றுப்போக்கு, டைபாய்டு, மஞ்சள் காமாலை. இவை நமக்குத் தெரிந்தவை. தெரியாத ஒன்றும் உண்டு. சாற்றில் உள்ள அம்மோனியா மண்ணில் இறங்கி நைட்ரேட்டாக மாறும். குடிநீரில் லிட்டருக்கு 45 மில்லிகிராமுக்கு மேல் நைட்ரேட் இருக்கக் கூடாது என்பது இந்தியத் தர அளவு. அதிகமானால் ஆறு மாதத்துக்குட்பட்ட கைக்குழந்தைகளின் ரத்தம் ஆக்சிஜனைச் சுமக்கும் திறனை இழக்கும், உதடும் நகமும் நீலம் பாரிக்கும். இதில் முக்கியமாகக் கவனிக்க வேண்டியது: தண்ணீரைக் கொதிக்க வைத்தால் கிருமி சாகும். நைட்ரேட்டும் கரைந்த உலோகமும் போகாது. தண்ணீர் வற்ற வற்ற அவற்றின் அடர்த்தி கூடத்தான் செய்யும்.

சரி, எரித்துவிட்டால்?

எங்கள் ஊரில் எல்லோரும் கேட்பது இது. காலையில் வாசல் பெருக்கி, சருகோடு நாலு கவரையும் சேர்த்துக் கொளுத்திவிட்டால் சுத்தமாகிவிடும், குளிருக்கும் இதம். நானும் சின்ன வயதில் அந்தத் தீயைச் சுற்றி உட்கார்ந்து கை காய்ந்தவன்தான்.

மார்கழி, தை மாதங்களில் மலைப்பள்ளத்தில் என்ன நடக்கிறது என்று பாருங்கள். ராத்திரி குளிர்ந்த காற்று கனமாகி, தண்ணீர் மாதிரிச் சரிவில் வழிந்து பள்ளத்தில் தேங்குகிறது. அதற்கு மேலே கொஞ்சம் வெதுவெதுப்பான காற்று மூடிபோல உட்கார்ந்துகொள்கிறது. அந்த நேரத்தில் எரித்தால் புகை மேலே போகாது. கூரை உயரத்துக்கு ஏறி, அப்படியே படுத்து, வீட்டு வரிசை வழியாக நகரும். விடியற்காலையில் மேட்டுச் சாலையில் நின்று கீழே பார்த்தால் ஒரு சாம்பல் நிறப் போர்வை தெரியும். பனிமூட்டம் என்று சுற்றுலா வந்தவர்கள் படம் எடுப்பார்கள். அதில் பனி எவ்வளவு, பிளாஸ்டிக் புகை எவ்வளவு என்று மூக்கைத்தான் கேட்க வேண்டும்.

அந்தப் புகையில் உள்ள மிக நுண்ணிய துகள்கள் தலைமுடியின் தடிமனில் முப்பதில் ஒரு பங்குகூட இருக்காது. மூக்கு முடியும் சளியும் அவற்றைப் பிடித்து நிறுத்த முடியாது. நேராக நுரையீரலின் கடைசி அறை வரை போகும், அங்கிருந்து ரத்தத்திலும் கலக்கும். ஆஸ்துமா உள்ள பிள்ளைகளுக்கு அன்றைக்கே தெரியும். மாரடைப்பு, பக்கவாதம் என்று வருகிற பாதிப்பு வருஷங்கள் கழித்துத் தெரியும்.

இன்னொன்று டையாக்சின். பிவிசி மாதிரிக் குளோரின் உள்ள பிளாஸ்டிக் அரைகுறைச் சூட்டில் எரியும்போது உண்டாகும் விஷம் அது, புற்றுநோய் உண்டாக்கக் கூடியது. குப்பை எரிக்கவென்றே கட்டிய உலைகளில் 850 டிகிரிக்கு மேல் சூடு வைத்து, புகையையும் வடிகட்டியாக வேண்டும். வாசலில் புகைந்து எரிவது அந்தச் சூட்டுக்குப் பக்கத்தில்கூட வராது. டையாக்சின் காற்றோடு போய்ப் புல்லில் படியும். அந்தப் புல்லை மாடு மேயும். அது கொழுப்பில் தங்கும் பொருள் என்பதால் பாலில் வந்து சேரும். காலையில் வாசலில் கொளுத்தியது, சாயங்காலம் அல்ல, சில வாரங்கள் கழித்து டம்ளரில் திரும்பி வருகிறது. சாம்பல்? மழை வந்தால் அதுவும் சரிவில் இறங்கிச் சாற்றோடு சேரும்.

முதலில் அடிபடுவது யார்

எங்கள் தெருவுக்கு வரும் தூய்மைக் காவலர் ஒரு அக்கா. ஐம்பது வயது இருக்கும். ஒரு நாள் நான் கவரை இறுக்கி இரட்டை முடிச்சுப் போட்டுக் கொடுத்தேன், சுத்தமாகக் கொடுக்கிறோம் என்ற நினைப்பில்.

"முடிச்சுப் போடாதீங்க தம்பி," என்றார். "இத நான் அவுத்துப் பிரிக்கணும். அவுக்க வராட்டி கிழிக்கணும். உள்ள என்ன இருக்குன்னு தெரியாம கைய விட்டா, போன மாசம் மாதிரிதான்." கையுறையைக் கழற்றி உள்ளங்கையைக் காட்டினார். கட்டைவிரலுக்குக் கீழே ஒரு வெள்ளைத் தழும்பு. உடைந்த டம்ளர்.

கண்ணாடி கிழித்தால் தெரியும், கட்டுப் போடலாம். சர்க்கரை வியாதிக்காரர்கள் வீட்டில் போட்டுக்கொள்ளும் இன்சுலின் ஊசி குத்தினால் சுருக்கென்று ஒரு நொடி, அவ்வளவுதான். அந்த ஒரு நொடியில் ஹெபடைட்டிஸ் பி தொற்றலாம். துருப்பிடித்த தகடு கீறினால் டெட்டனஸ். எலி நடமாட்டம் உள்ள குப்பையில் ஈரக்காலோடு நின்றால் எலிக்காய்ச்சல். எலியின் சிறுநீரில் உள்ள கிருமி காலில் உள்ள சின்ன வெடிப்பு வழியாக நுழைந்துவிடும். நம் வீட்டில் நாம் செய்ய வேண்டிய பிரிப்பு வேலையைச் செய்யாமல் விட்டால் அந்த வேலை மறைந்துபோவதில்லை. இன்னொருவர் தன் கையால் செய்கிறார். எனக்கு இதுதான் எல்லாவற்றையும்விட மனசை அறுக்கிற விஷயம்.

ஊசியை ஒரு கெட்டி டப்பாவில் போட்டு மூடி, மேலே எழுதிக் கொடுங்கள். நாப்கின், டயப்பரைப் பழைய பேப்பரில் சுற்றி ஒரு சிவப்புக் குறி போடுங்கள். உடைந்த கண்ணாடியை அட்டையில் மடித்துக் கட்டுங்கள். ஒரு நிமிஷ வேலை.

மனுஷருக்கு அடுத்தபடி காட்டுமாடு. பழனி மலையில் அவை வீதிக்கு வருவது இப்போது சாதாரணம். போன மாசம் எங்கள் முக்குக் கடைப் பக்கம் ஒரு பெரிய ஆண் மாடு நின்றது, முதுகு என் தலைக்கு மேலே. வெள்ளைக் காலுறை போட்ட மாதிரி நான்கு கால். ஒரு பார்சல் கவரை முன்னங்காலால் மிதித்து, வாயால் இழுத்துப் பிரித்து, சாம்பார் ஒட்டிய கவரை அப்படியே மென்றது. அதற்கு உப்பும் உணவு வாசமும்தான் தெரியும், கவர் தெரியாது. அசைபோடும் விலங்கின் முதல் இரைப்பையிலிருந்து கவர் வெளியேறாது. ஒவ்வொன்றாகச் சேர்ந்து கயிற்றுப் பந்து மாதிரி இறுகிக்கொள்ளும். வயிறு நிறைந்த மாதிரியே இருக்கும், மாடு மேய்வதைக் குறைக்கும், மெலியும். கடமானுக்கும் பசுமாட்டுக்கும் இந்தக் கதை பொருந்தும்.

நீலகிரியில் யானைகளின் காலைக் கிழித்தவை மது பாட்டில்கள். காட்டோரம் குடித்துவிட்டு உடைத்துப் போடுவது வழக்கமாக இருந்தது. சென்னை உயர் நீதிமன்றம் தலையிட்டு, 2022 மே மாதம் அங்கே ஒரு திட்டம் வந்தது: பாட்டிலுக்குப் பத்து ரூபாய் கூடுதலாக வாங்குவது, காலி பாட்டிலைத் திருப்பிக் கொடுத்தால் அந்தப் பத்து ரூபாயைத் திருப்பித் தருவது. பத்தில் ஒன்பதுக்கும் மேல் பாட்டில்கள் திரும்பி வந்தன. பிறகு மற்ற மாவட்டங்களுக்கும் போனது. அறிவுரைப் பலகை செய்யாததைப் பத்து ரூபாய் செய்தது. தண்ணீர் பாட்டிலுக்கும் இதையே ஏன் எல்லா மலைகளிலும் செய்யக் கூடாது?

பாதரசம் சொன்ன பாடம்

சாறு, புகை, ஆவி என்று மூன்று வழியிலும் ஒரு கழிவு எப்படிப் பரவும் என்பதற்குக் கொடைக்கானலே நாடறிந்த உதாரணம். அங்கே ஒரு தெர்மாமீட்டர் தொழிற்சாலை இருந்தது. அமெரிக்காவில் நியூயார்க் மாகாணத்தின் வாட்டர்டவுன் நகரிலிருந்து 1980களில் இங்கே கொண்டுவரப்பட்டது. பிறகு இந்துஸ்தான் லீவர் நிறுவனத்தின் கைக்கு வந்தது. தொழிற்சாலைக்குப் பக்கத்துச் சரிவில் பாம்பாறு சோலை. 2001-ல், பாதரசம் ஒட்டிய உடைந்த கண்ணாடிகள் கொடைக்கானல் மூஞ்சிக்கல் பகுதியில் ஒரு பழைய இரும்புக் கடையில் குவிந்து கிடப்பது வெளியே தெரிந்தது. ஊர்க்காரர்களும் பழனி மலைப் பாதுகாப்புக் கழகமும் கிரீன்பீஸ் என்ற சுற்றுச்சூழல் அமைப்பும் தெருவுக்கு வந்தார்கள். அதே ஆண்டு ஆலை மூடப்பட்டது. 2003-ல் சுமார் 290 டன் பாதரசக் கழிவு அமெரிக்காவுக்கே திருப்பி அனுப்பப்பட்டது. முன்னாள் தொழிலாளர்கள் 591 பேருக்கான உடன்பாடு வந்தது 2016-ல்தான். மண்ணை எந்த அளவுக்குச் சுத்தம் செய்ய வேண்டும் என்ற வாக்குவாதம் அதற்குப் பிறகும் ஓடியது.

பாதரசம் சாதாரண அறைச் சூட்டிலேயே ஆவியாகும். வாசனை கிடையாது, நிறம் கிடையாது. மூச்சில் போனால் நரம்பையும் சிறுநீரகத்தையும் பிடிக்கும். தண்ணீரில் இறங்கினால் சேற்றில் உள்ள நுண்ணுயிர்கள் அதை மெத்தில் பாதரசமாக மாற்றும். அது சின்ன மீனில் கொஞ்சம், சின்ன மீனைத் தின்னும் பெரிய மீனில் நிறைய என்று ஏறிக்கொண்டே போகும். ஜப்பானில் மினமாட்டா ஊரில் 1956-ல் கண்டறியப்பட்ட நரம்பு நோய் இப்படித்தான் வந்தது. கொடைக்கானல் ஏரியின் தண்ணீரிலும் வண்டலிலும் மீனிலும் பாதரசம் கூடுதலாக இருப்பதை 2006-ல் வெளியான ஆய்வு காட்டியது.

ஆலை போய்விட்டதே, நமக்கென்ன என்று இருக்க முடியாது. ஒரு தெர்மாமீட்டரில் ஏறக்குறைய ஒரு கிராம் பாதரசம். பழைய டியூப்லைட்டிலும் சுருள் பல்பிலும் சில மில்லிகிராம். அளவு சின்னதுதான், வழி ஒன்றுதான். பியூஸ் போன டியூப்லைட்டைப் பள்ளத்தில் வீசி, அது டப்பென்று வெடிப்பதைப் பார்த்துச் சிரிக்கும் பையன்களை நான் இன்னும் பார்க்கிறேன். கூப்பிட்டுச் சொல்கிறேன். சொன்னால் கேட்டுக்கொள்கிறார்கள்.

வீட்டிலிருந்து தொடங்குவது

மூன்று பாத்திரம் போதும். மக்கும் ஈரக்குப்பைக்கு ஒன்று, காய்ந்த பொருளுக்கு ஒன்று, பேட்டரி, பல்பு, காலாவதி மாத்திரை, ஊசி, பெயின்ட் டப்பாவுக்கு ஒரு மூடிபோட்ட டப்பா. 2016 விதிகள் கேட்டதும் இந்த மூன்றைத்தான். காய்ந்ததைக் காய்ந்ததாகவே வைப்பதுதான் சூட்சுமம். ஒரு கரண்டி குழம்பு பட்ட அட்டையை எந்தப் பழைய பேப்பர்காரரும் எடுக்க மாட்டார். பால் கவரைக் கழுவிக் காயவைத்தால் விலைபோகும். சிப்ஸ் பாக்கெட் போகாது. அதில் பிளாஸ்டிக்கும் அலுமினியமும் ஒட்டிக்கிடப்பதால் பிரித்து எடுக்க ஆளில்லை. வாங்காமல் இருப்பதே அதற்கு மருந்து. குன்னூரில் ஓட்டுப்பட்டறைக் கிடங்கில் நகராட்சியும் கிளீன் குன்னூர் தன்னார்வலர்களும் சேர்ந்து காய்ந்த குப்பையைப் பிரித்து, அழுத்திக் கட்டுகளாக்கி மறுசுழற்சிக்கு அனுப்புகிறார்கள். கலக்காமல் வந்தால் மலையிலும் அது நடக்கும்.

ஈரக்குப்பையை மலையில் எருவாக்க முடியாது, குளிரில் மக்காது என்று சொல்வார்கள். மக்கும். நான்கு வருஷமாகச் செய்கிறேன். சின்னத் தொட்டியில் செய்தால் சூடு நிற்காது, அதனால்தான் தோற்கிறார்கள். நீளம், அகலம், உயரம் மூன்றும் ஒரு மீட்டராவது இருக்கும் குவியல் வேண்டும். நாலு வீடு சேர்ந்து செய்தால் சுலபம். ஒரு கூடை ஈரக்குப்பைக்கு இரண்டு கூடை சருகு. பைன் ஊசியும் யூகலிப்டஸ் இலையும் மெதுவாகத்தான் மக்கும், அவற்றைக் குறைத்துப் போடுங்கள். மேலே தகரமோ தார்ப்பாயோ கட்டாயம், இல்லாவிட்டால் மழை இறங்கி அங்கேயும் சாறு ஓடத் தொடங்கும். ஒரு பிடி அள்ளிப் பிழிந்தால் கை நனைய வேண்டும், சொட்டக் கூடாது. நாற்றம் வந்தால் ஈரம் கூடிவிட்டது என்று அர்த்தம். சருகு சேர்த்துக் கிளறினால் இரண்டு நாளில் அடங்கும். குரங்குக்கும் பன்றிக்கும் சுற்றிலும் கம்பி வலை. தை மாசக் குளிரில் விடிகாலை ஒரு கம்பியை நடுவில் சொருகி வைத்து, கொஞ்ச நேரம் கழித்து எடுத்துத் தொட்டால் கை சுடும். நடுவில் 55 டிகிரிக்கு மேல் சில நாள் நின்றால் நோய்க்கிருமியும் களை விதையும் அழிந்துவிடும். எங்களுக்கு ஐந்து மாதம் ஆகிறது, கீழே மதுரையில் என்றால் இன்னும் சீக்கிரம் ஆகும். சலித்து எடுத்துப் பூண்டுப் பாத்திக்குப் போடுகிறோம்.

மலைக்கு வருகிறவர்களுக்கு அதிகம் சொல்ல வேண்டியதில்லை. தமிழ்நாட்டில் ஒருமுறை பயன்படுத்தும் 14 வகைப் பிளாஸ்டிக் பொருட்களுக்கு 2019 ஜனவரி 1 முதல் தடை. ஊட்டிக்கும் கொடைக்கானலுக்கும் 2024 மே 7 முதல் இ-பாஸ். பாஸ் எடுக்கும்போதே ஒரு எவர்சில்வர் தண்ணீர் பாட்டிலையும் ஒரு துணிப்பையையும் வண்டியில் போட்டுக்கொள்ளுங்கள். தின்ற கவரைத் திரும்ப எடுத்துப் போங்கள், கீழே பிரித்து விற்க ஆள் அதிகம்.

அந்த ஊறுகாய் பாட்டிலை என்ன செய்வது என்று எங்களுக்குத் தெரியவில்லை. அடுப்படிச் சாக்கடையில் ஊற்றினால் பின்னாடி ஓடைக்குப் போகும். மண்ணில் ஊற்றினால் கீழ்வீட்டு ஊற்றுக்குப் போகும். கடைசியில் மூடியை இறுக்கி, டேப் ஒட்டி, பேட்டரி பல்பு டப்பாவோடு சேர்த்து அக்காவிடம் கொடுத்தேன். வாங்கி வெயிலுக்கு நேரே தூக்கிப் பார்த்தார்.

"என்ன தம்பி இது?"

பிள்ளைக்குக் காட்டச் செய்தது, மூணு வாரம் குப்பையை ஊறவைத்தால் இந்தத் தண்ணீர் வருகிறது என்று சொன்னேன்.

"இதப் பாக்க மூணு வாரமா?" என்றார். "மழை பேஞ்ச மறுநாள் கிடங்குக்கு வாங்க. கணுக்கால் அளவுக்கு ஓடும்."